யாருக்குத் துணை?

என் மகளுக்குப் பெயர் வைத்தது நான் இல்லை. அவளுடைய அப்பாவும் இல்லை. வைத்தவள் என் ஓரகத்தி. இதைச் சொல்லும்போது இன்றைக்கும் எனக்கு வயிறு எரிகிறது. வயதாகிவிட்டது, இன்னுமா அதையே பேசிக்கொண்டிருப்பாய் என்று கேட்கிறார்கள். கேட்கட்டும். எரிகிறவளுக்குத்தானே தெரியும்.

எழுபதுகளின் நடுவில் நான் கல்யாணமாகித் திருவண்ணாமலைக்கு வந்தேன். தேரடித் தெருவில் எங்கள் வீட்டாருக்குப் பாத்திரக் கடை. அண்ணனும் தம்பியுமாக நடத்தினார்கள். அண்ணன் கடையில் உட்காருவார். தம்பி, அதாவது என் வீட்டுக்காரர், கீழ்பென்னாத்தூர், சேத்துப்பட்டு, போளூர் என்று சந்தை சந்தையாக அண்டா குண்டானை ஏற்றிக்கொண்டு போவார். வீடு ஒன்று, அடுப்பு ஒன்று. மாமனார் மாமியார் நான் வருவதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார்கள். என் வீட்டுக்காரரைச் சின்ன வயதிலிருந்து சோறு போட்டு ஆளாக்கியது அவருடைய அண்ணிதான். அந்த அண்ணியை நான் அக்கா என்று கூப்பிட்டேன். அவள் என்னைப் பாப்பா என்பாள்.

அக்காவுக்குக் குழந்தை இல்லை. பார்க்காத டாக்டர் இல்லை, வேண்டாத சாமி இல்லை. அதற்காக மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாலாவது எனக்குப் பாவம் பார்க்கத் தோன்றியிருக்கும். அதுவும் கிடையாது. எந்நேரமும் சிரித்த முகம். தெருவே அவளைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடும். "உங்க ஓரகத்தி மாதிரி தங்கமான மனுஷி கெடைக்குமா?" என்று என்னிடமே வந்து சொல்வார்கள். அப்போ நான் என்ன, தகரமா?

கல்யாணமான மூன்றாவது வருஷம் எனக்குப் பெண் பிறந்தாள். எங்கள் வழக்கத்தில் குழந்தையின் காதில் முதலில் பெயரைச் சொல்கிற உரிமை அத்தைக்கு. இந்த வீட்டில் கூடப்பிறந்த பெண் யாரும் இல்லாததால் அது அக்காவுக்குப் போனது. நானும் சரி என்றுதான் சொன்னேன். சொல்ல வேண்டிய பெயரையும் நானே அவளுக்குச் சொல்லிக் கொடுத்திருந்தேன். வாரப் பத்திரிகைத் தொடர்கதை ஒன்றின் நாயகி பெயர் அது. மெட்ராஸில் அப்போதுதான் வைக்க ஆரம்பித்திருந்தார்கள். எங்கள் ஊரில் ஆண் என்றால் மலையின் பெயர், பெண் என்றால் அம்மன் பெயர். தெருவில் நின்று ஒரு பெயரைக் கூப்பிட்டால் பத்துப் பேர் திரும்பிப் பார்ப்பார்கள். என் மகளைக் கூப்பிட்டால் என் மகள் மட்டும் திரும்ப வேண்டும் என்று ஆசைப்பட்டேன். அது ஒரு தப்பா?

அக்கா குழந்தையை மடியில் வாங்கினாள். சர்க்கரைத் தண்ணீரை உதட்டில் தொட்டு வைத்தாள். குனிந்து காதில் மூன்று முறை ஏதோ சொன்னாள்.

"நாங்களும் கேக்கணும் இல்ல, சத்தமா சொல்லுங்க" என்றாள் எதிர்வீட்டு அம்மா.

"துணை" என்றாள் அக்கா.

யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. "துணை சரிங்க, பேரு இன்னா?" என்று எதிர்வீட்டு அம்மா மறுபடி கேட்டாள்.

"அதான் பேரு. துணை."

நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். ஏதாவது சொல்வார் என்று பார்த்தேன். "அண்ணி வாயில இருந்து வந்துடுச்சு. இருந்துட்டுப் போவட்டும்" என்றார் அந்த மகராசன். காதில் சொன்ன பெயரை மாற்றினால் குழந்தைக்கு ஆகாது என்று வந்தவர்களும் ஆளுக்கு ஒரு பக்கம் சொன்னார்கள். பாயசம் சாப்பிட்டார்கள், போய்விட்டார்கள். என் தொடர்கதை நாயகி அன்றைக்கே செத்துப்போனாள்.

சமையலறையில் வைத்துக் கேட்டேன். "இன்னாக்கா இப்டிப் பண்ணிட்டீங்க?"

"கோச்சுக்காத பாப்பா. நீ முழுகாம இருந்தப்ப ஒரு பௌர்ணமிக்கு மலை சுத்தினேன் இல்ல, நடக்க நடக்க மனசுல இந்த ஒரு வார்த்தைதான் வந்துக்கினே இருந்துது. ஆணா பொறந்தாலும் இதுதான், பொண்ணா பொறந்தாலும் இதுதான்னு தோணுச்சு. காதுகிட்ட குனிஞ்சேனா, நீ சொன்ன பேரு சுத்தமா மறந்துபோச்சு. சத்தியமா."

மறந்து போச்சாம்! கடையில் எந்தத் தவலை என்ன எடை என்று கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு சொல்கிறவளுக்கு ஒரு பெயர் மறந்து போச்சாம். யாருக்குத் துணை என்று அவள் சொல்லவில்லை. சொல்ல வேறு வேண்டுமா? பிள்ளை இல்லாதவள் தன் கடைசிக் காலத்துக்கு ஒரு துணை தேடிக்கொண்டாள், என் வயிற்றிலிருந்து. அன்றைக்கு என் மனதில் விழுந்த முடிச்சு அது.

அந்தப் பெயரோடு நான் பட்ட பாடு கொஞ்சமில்லை. எங்கள் கடைப் பலகையின் உச்சியில் அண்ணாமலையார் துணை என்று எழுதியிருக்கும். ஊரில் பாதிக் கடைகளில் அப்படித்தான். லாரியின் நெற்றியில், கல்யாணப் பத்திரிகையில், கடிதத்தின் தலையில், எங்கே பார்த்தாலும் ஒரு சாமி, பக்கத்தில் ஒரு துணை. சாமியை விட்டுவிட்டு மிச்சத்தை என் குழந்தைக்குக் கொடுத்துவிட்டாள் என்று அம்மா வீட்டில் போய் அழுதேன். பெயரைக் கேட்ட யாரும் அடுத்த கேள்வியாக, "ஆணா, பொண்ணா?" என்றுதான் கேட்டார்கள். ஆஸ்பத்திரியில் நர்ஸம்மா சீட்டை மட்டும் பார்த்துவிட்டு, "பையனுக்குச் சட்டையைத் தூக்குங்க" என்றாள். பாவாடை கட்டி ரெட்டைப் பின்னல் போட்ட பெண் எதிரே நின்றுகொண்டிருந்தாள்.

பள்ளிக்கூடத்தில் இன்னும் மோசம். ஒன்றாம் வகுப்பில் ககர வரிசை சொல்லிக்கொடுத்த அன்று வகுப்பே அவளைத் துணைக்கால் என்று கூப்பிட ஆரம்பித்துவிட்டது. எனக்கு உள்ளுக்குள் சந்தோஷம். அழுதுகொண்டு வருவாள், அதைச் சாக்காக வைத்துப் பெயரை மாற்றிவிடலாம் என்று வாசலிலேயே நின்றேன். அவள் சிரித்துக்கொண்டு வந்தாள்.

"கால் போட்டாத்தாம்மா கா. இல்லாட்டி வெறும் க" என்றாள்.

இது யார் சொல்லிக்கொடுத்த பதில் என்று எனக்குத் தெரியாதா என்ன? உள்ளே அக்கா சாவகாசமாக அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள்.

குழந்தை அந்தப் பெயரை ஒரு வேலையாகவே எடுத்துக்கொண்டாள். தெருவில் யார் எங்கே கிளம்பினாலும் "துணைக்கு வரட்டா?" என்று போய் நிற்பாள். பிரசவத்துக்கு வந்த பெண்ணோடு ஆஸ்பத்திரிக்குப் போவாள். புதிதாகக் குடிவந்த டீச்சரம்மாவோடு ரமணாசிரமம் பக்கம் போய் மயில் பார்த்துவிட்டு வருவாள். கூடப் போனால் ஓயாமல் பேச மாட்டாள். பக்கத்தில் நடப்பாள், அவ்வளவுதான். அந்த டீச்சரம்மா, "உங்க பொண்ணு கூட வந்தா மனசு லேசாயிடுதுங்க" என்று சொன்னபோது எனக்குச் சுள்ளென்று வந்தது. பெற்றவளுக்கு லேசாகாத மனசு ஊராருக்கு ஆகிறது. ஊரை விடுங்கள், அதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். அக்காவோடு ஒட்டிக்கொண்டு கிடப்பாளே, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

சோறு ஊட்டினால் அக்கா ஊட்ட வேண்டும். தலை வாரினால் அக்கா வார வேண்டும். படுக்கை அக்காவுக்கும் மாமாவுக்கும் நடுவில். மாமா என்றால் அக்காவின் வீட்டுக்காரர். மத்தியானம் கடையை அடைத்துவிட்டு வந்து மனைவியும் கணவனுமாக எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிடுவார்கள். கடைக்கு வந்த ஒவ்வொரு ஆளைப் பற்றியும் அவர் சொல்ல, அக்கா விழுந்து விழுந்து சிரிப்பாள். நடுவில் என் மகள் வட்டில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பரிமாறுகிற எனக்கு அந்த மூன்று பேரில் என் மகள் ஒருத்திதான் கண்ணுக்குத் தெரிவாள். என் வீட்டுக்காரர் சந்தை இல்லாத நாளில் வீட்டில் இருப்பார். இருந்தால் தூங்குவார்.

நானும் சும்மா இருக்கவில்லை. புதுக் கவுன் எடுத்துக் கொடுத்தேன். போட்டுக்கொண்டு நேரே பெரியம்மாவிடம் காட்டப் போனாள். பால்கோவா வாங்கிக் கொடுத்தேன். பாதியைக் கடித்து மீதியைப் பெரியம்மா வாயில் வைத்தாள். ஒரு முறை அக்கா தன் அம்மா வீட்டுக்குப் போயிருந்தாள். அப்பாடா என்று, நான் வைக்க நினைத்த பெயரைச் சொல்லி என் மகளைக் கூப்பிட்டேன். அவள் திரும்பித் தன் முதுகுக்குப் பின்னால் பார்த்தாள். மறுபடியும் கூப்பிட்டேன்.

"யாரும்மா அது? நம்ம வீட்டுக்கு வந்துக்கிறாங்களா?" என்றாள்.

அதற்கப்புறம் நான் அந்தப் பெயரை வாய்விட்டுச் சொன்னதே இல்லை.

டைபாய்டு வந்தபோது நடந்ததை எப்படி மறப்பேன்? மத்தியான நேரம், என் மடியில்தான் கிடந்தாள். நெற்றியில் ஈரத்துணி போட்டுக்கொண்டிருப்பது நான். கண் திறக்காமல், "பெரிம்மா, பெரிம்மா" என்று அனத்தினாள். அக்கா ஓடி வந்து, "தங்கம், அம்மா மடியிலதான் இருக்க, பாரு" என்றாள். எனக்கு விட்டுக்கொடுக்கிறாளாம்! என் குழந்தையை எனக்கே தானம் செய்கிறாளாம்! அவள் கையைத் தட்டிவிட்டேன். நான் பொறாமைக்காரிதான். அதற்குமேல் எனக்கு வேறு குழந்தை தங்கவில்லை. இருந்தது ஒன்றே ஒன்று, அதுவும் பங்கு.

எண்பதுகளின் கடைசியில், ஊர் மாவட்டத் தலைநகராகப் போகிறது, கலெக்டர் ஆபீஸ் வேங்கிக்காலில் வரப்போகிறது என்று பேச்சு அடிபட்ட சமயம், மாமா அங்கே மனை வாங்கி வீடு கட்டினார். சண்டை ஒன்றும் இல்லை. வீடு கட்டியாயிற்று, தனியாகப் போகிறார்கள், அவ்வளவுதான். நான் உள்ளூரக் குதித்தேன். இனி அடுப்பு என்னுடையது, வீடு என்னுடையது, மகளும் என்னுடையவள்.

சாமான் கட்டுகிற அன்று காலையில் அக்கா என் எதிரே வந்து உட்கார்ந்தாள். முந்தானையை விரலில் சுற்றிக்கொண்டே பேசினாள்.

"பாப்பா, ஒண்ணு கேப்பேன். கோச்சுக்கக் கூடாது. துணைய என்கூட அனுப்பேன். அங்க இருந்தே ஸ்கூலுக்குப் போவட்டும். ஞாயித்துக்கிழமை தவறாம நானே கூட்டினு வரேன்."

இத்தனை வருஷம் நான் பயந்துகொண்டிருந்தது இதற்குத்தான். வாயைத் திறப்பதற்குள் என் வீட்டுக்காரர் முந்திக்கொண்டார். "அண்ணி வாயத் தொறந்து எதுவுமே கேட்டது இல்ல. அனுப்பேன், இன்னா இப்போ?"

"பெத்தவ நானு! உங்களுக்கு இன்னா தெரியும்? அவ எத்தினியாவது படிக்கிறான்னு சொல்லுங்க பாக்கலாம்!" என்று கத்தினேன். அவருக்குத் தெரியவில்லை. "அப்பவே காதுல ஊதி எடுத்துக்கினீங்க. இப்ப ஆளையும் எடுத்துக்கினு போவணுமா?" என்று அக்காவைப் பார்த்துக் கேட்டுவிட்டேன்.

அக்காவின் முகம் செத்துப்போயிற்று. மாமாதான், "ரெண்டு பேரும் சண்டை போடாதீங்க. குழந்தையக் கேட்டுடலாம். அது சொல்றதுதான் முடிவு" என்றார்.

கேட்டால் என்ன சொல்வாள் என்று எனக்குத் தெரியும். எல்லாருக்கும் தெரியும். வாசலில் வேனில் பீரோவும் ஆட்டுக்கல்லும் ஏற்றியாகிவிட்டது. துணையைக் கூப்பிட்டு நடுக்கூடத்தில் நிறுத்தினார்கள். அவளுக்குப் பத்து வயது முடிந்திருந்தது. மாமா குனிந்து, "நீ இங்க இருக்கியா, எங்களோட வரியா? எதுவா இருந்தாலும் சொல்லு, யாரும் திட்ட மாட்டாங்க" என்றார்.

அவள் பெரியம்மாவைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். மறுபடியும் பெரியம்மாவை ரொம்ப நேரம் பார்த்தாள்.

"நான் இங்கியே இருக்கறேன்" என்றாள்.

என் காதை என்னால் நம்ப முடியவில்லை. ஜெயித்துவிட்டேன்! அக்காவை நேருக்கு நேராகப் பார்த்தேன். பார்க்க வேண்டும் என்றே பார்த்தேன். அவள் குழந்தையின் தலையைத் தடவிவிட்டுப் போய் வேனில் ஏறிக்கொண்டாள். வேன் தெருமுனை திரும்பும்வரை நான் வாசலில் நின்றேன். அத்தனை வருஷத்து வயிற்றெரிச்சலும் அன்றைக்கு ஒரு நாள் அடங்கியிருந்தது. என் வீட்டுக்காரர் அவர்களோடு சாமான் இறக்கப் போய்விட்டார்.

உள்ளே வந்து மகளுக்குச் சோறு போட்டேன். நான் ஜெயித்ததை அவள் வாயாலும் ஒரு முறை கேட்க வேண்டும்போல் இருந்தது. "ஏன்டி, அம்மாவ உட்டுட்டுப் போவ மனசு வரல இல்ல?" என்று கொஞ்சலாகக் கேட்டேன்.

அவள் சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னாள். "பெரிம்மாவுக்குப் பெரிப்பா இருக்காரும்மா. மத்தியானம் சாப்ட வருவாரு, பேசிக்கினு இருப்பாரு. அப்பா வீட்லயே இருக்கறது இல்ல. இருந்தாலும் உன்கூடப் பேசறது இல்ல. உனக்கு யாரு இருக்கறாங்க?"

எனக்குச் சப்பென்று அறைந்தாற்போல் இருந்தது. வருஷக்கணக்காக அந்த மூன்று பேருக்கும் பரிமாறிய நான் எதைப் பார்த்துப் பொறாமைப்பட்டிருக்க வேண்டும் என்று பத்து வயதுப் பெண் சொல்லித் தெரிந்துகொள்ள வேண்டியதாயிற்று. அத்தோடு விட்டிருக்கலாம். என் வாய் சும்மா இருந்ததா?

"அப்போ உனக்கு யாரை ரொம்பப் புடிக்கும்?"

"பெரிம்மாவத்தான்" என்றாள். கொஞ்சம்கூடத் தயங்கவில்லை. அப்புறம் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். "நீ சாப்ட்டியாம்மா?"

கல்யாணமாகி வந்த நாள் முதலாக அந்த வீட்டில் என்னை அப்படிக் கேட்டிருந்தவள் அக்கா ஒருத்திதான்.