குளிர்க் காரில் கேஸ் வாயைத் தேடிய கதை

பிரிட்ஜ் மெக்கானிக் தொழிலில் ரிப்பேர் வேலை கால்வாசிதான், முக்கால்வாசி நேரம் எதை எங்கே ஒளித்து வைத்திருக்கிறான் என்று தேடுவதிலேயே போய்விடும். கையில் ஸ்பானரோடு திருதிருவென்று முழித்து நின்ற அனுபவம் உங்களுக்கும் இருந்தால், வாருங்கள், நாம் ஒரே ஜாதி!

டிக்கிக்குள் ஒரு காலைப்பொழுது

திருக்கொச்சி ராஜ்யமாக இருந்த காலம். தம்பானூரில் பிரிட்ஜ் ரிப்பேர் கடை வைத்திருந்தேன். ஆரியசாலையில் மிளகு மண்டி நடத்திய திருநெல்வேலி அண்ணாச்சி ஒருவர், ஊருக்குத் திரும்பிய எஸ்டேட் துரையிடமிருந்து ஒரு அமெரிக்கக் கார் வாங்கினார். உள்ளே குளிர்காற்று வரும் கார்! மாதம் இரண்டு ஆவதற்குள் குளிர் நின்றுவிட்டது. என்னைக் கூப்பிட்டார். அப்படி ஒரு வண்டியை நான் கண்ணால் பார்த்ததே இல்லை. ஆனாலும் வாய் சும்மா இருக்குமா? "பிரிட்ஜும் காரும் ஒண்ணுதான் அண்ணாச்சி" என்று அடித்துவிட்டேன்.

கேஸ் குறைந்திருக்கும், ஏற்றினால் சரியாகிவிடும் என்று தோன்றியது. ஆனால் ஏற்றுகிற வாய் எங்கே? காற்று பின்சீட்டுக்குப் பின்னாலிருந்து வந்ததால் டிக்கிக்குள் நுழைந்து படுத்தேன். குளிர்ப்பெட்டி இருந்தது, காற்றாடி இருந்தது, வாயை மட்டும் காணோம். பதினொரு மணிக்கு அண்ணாச்சி எட்டிப் பார்த்துக் கேட்டார்: "வே மேஸ்திரி, வண்டிய நன்னாக்க வந்தீரா, டிக்கியில குடியிருக்க வந்தீரா?"

குழாய் போன வழி

ரோஷம் வந்துவிட்டது. பெட்டியிலிருந்து தடித்த குழாய் ஒன்றும் மெல்லிய குழாய் ஒன்றும் தரைக்கடியில் இறங்கின. சாக்கை விரித்து வண்டிக்கடியில் படுத்து, இரண்டையும் கையால் தடவிக்கொண்டே முன்பக்கம் நகர்ந்தேன். மண்டிச் சுமட்டுக்காரர்கள் மூட்டையை இறக்கிவிட்டு வேடிக்கை பார்க்கக் கூடிவிட்டார்கள். குழாய்கள் நேரே என்ஜினுக்குப் பக்கத்தில் ஏறின. அங்கே பெல்ட்டில் ஓடுகிற கம்ப்ரஸர், அதன் தலையில் இரண்டு பித்தளை மூடிகள். "கிட்டிப்போச்சு!" என்று கத்தியே விட்டேன். கூட்டத்தில் ஒருவர் நிதானமாகக் கேட்டார்: "தணுப்பு உண்டாக்குற சாதனத்தக் கொண்டுபோய் இந்தச் சூட்டுல வச்சவன் யாராக்கும்?"

மூடிக்கடியில்

மூடியைத் திருகினேன். உள்ளே வாய் நிறைய கிரீஸ்! இன்னொன்றிலும் கிரீஸ். நிமிர்ந்து பார்த்தால், அண்ணாச்சியின் டிரைவர் பாஸ்கரனின் முகம் வெளுத்திருந்தது. சனிக்கிழமைதோறும் வண்டியில் கிரீஸ் ஏற்றுவதற்கென்று உள்ள முனைகள், அதாவது நிப்பிள்கள், எல்லாவற்றுக்கும் கிரீஸ் அடிக்க வேண்டும் என்பது அண்ணாச்சியின் சட்டம். இதுவும் நிப்பிள்தானே என்று அந்த மகாராஜன் கிரீஸ் கன்னை வைத்து அமுக்கியிருக்கிறார்!

பார்க்காமல் வால்வைத் திறந்திருந்தால் கிரீஸ் கேஸோடு உள்ளே போய்க் கம்ப்ரஸரே இறுகிப் பிடித்து நின்றிருக்கும். நல்லவேளை, வால்வு மூடியிருந்ததால் கிரீஸ் வாயோடு நின்றிருந்தது. கசிவு எங்கே என்று சோப்பு நுரை தடவிப் பார்த்தேன். வால்வுத் தண்டின் நட்டில் குமிழ் வந்தது. மூடியைக் கழற்றும்போது பாஸ்கரனின் ஸ்பானர் பட்டு அது இளகியிருக்கிறது, கேஸ் போனதும் அந்த வழியாகத்தான். திட்ட வாயெடுத்தேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்: "மேஸ்திரி, முதலாளி அறிஞ்சா என்ற பணி போகும். தங்கச்சிக்குக் கல்யாணம் உறப்பிச்சு, நாள் குறிச்சு வச்சிருக்கேன்."

அண்ணாச்சியின் தீர்ப்பு

பாவமாக இருந்தது. குச்சியும் பெட்ரோல் துணியும் வைத்து இரண்டு வாயையும் பளபளவென்று துடைத்து, நட்டை முறுக்கினேன். தடித்த குழாய்ப் பக்கம்தான் கேஸ் ஏற்ற வேண்டும். மெல்லிய குழாய்ப் பக்கம் மாட்டினால் அழுத்தம் திரும்பி சிலிண்டருக்குள் பாயும். என்ஜினை ஓடவிட்டு, சிலிண்டரை நிமிர்த்தி வைத்து, கொஞ்சம் கொஞ்சமாகத் திறந்தேன். கால் மணி நேரத்தில் பின்சீட்டில் ஜில்லென்று காற்று. எனக்கே நம்ப முடியவில்லை!

"என்ன கேடுவே?" என்றார் அண்ணாச்சி. பாஸ்கரன் துணியை எடுத்து வண்டிக் கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தார். "ஒரு நட்டு இளகிப்போச்சு" என்றேன். அண்ணாச்சி தலையாட்டினார். நான் மூடிகளை இன்னும் மாட்டவில்லை; அவர் என்ஜினுக்குள் குனிந்து பார்த்தார். பார்த்தவர் சட்டென்று நிமிர்ந்தார்: "ஏம்டே பாஸ்கரா, இந்த ரெண்டு நிப்பிளும் ஒன் கண்ணுக்குத் தெரியலியா? கிரீஸே இல்லாமக் காஞ்சு கெடக்கு. சனிக்கிழமை மொதல்ல இதுக்கு அடிச்சிட்டுத்தான் மத்ததெல்லாம்!"

அந்த வாயைக் கண்டுபிடிக்க எனக்கு ஒரு காலைப்பொழுது போதுமாயிருந்தது, அண்ணாச்சியிடமிருந்து அதைக் காப்பாற்றத்தான் நானும் பாஸ்கரனும் சனிக்கிழமைதோறும் படாதபாடு பட்டோம்.