வயரைப் பிடித்த கை

"நீ வந்தாத்தான் ஆரம்பிப்போம்டி," என்றது மகளின் போனில் ஒரு தோழியின் குரல். நான்கு பேர் சேர்ந்து ஆடும் விளையாட்டு. மூன்று பேர் உள்ளே போய்விட்டார்கள். வீட்டு வைஃபையில் இவளுக்கு மட்டும் இணைப்பு கிடைக்கவில்லை. என் போனில் ஹாட்ஸ்பாட் போட்டு, சிக்னல் வரும் ஜன்னல் கம்பியருகே அதை உயர்த்திப் பிடிக்கச் சொன்னாள்.

இதே தாராவியில், பத்து வயதில், இப்படித்தான் நின்றேன். வாடகைக்கு எடுத்த டிவி கேம். டிவியின் பின்னால் வயரை விரலால் அழுத்தினால்தான் படம் நிற்கும். அண்ணனும் கூட்டாளிகளும் ஆடுவார்கள்.

"ஏட்டி, கைய எடுத்துராத. அடுத்தது நீதான்," என்பான் அண்ணன்.

டிவிக்குப் பின்னால் எனக்குப் படம் தெரியாது. சூடேறிய தூசியின் வாசனை மட்டும் வரும். வாடகைப் பெட்டியைத் திருப்பிக் கொடுக்கும் நேரமும் வந்துவிடும். என் முறை வந்ததே இல்லை.

இப்போது மகளும் ஆட்டத்துக்குள் போய்விட்டாள். நால்வரும் சிரித்தார்கள். எனக்குப் பொறாமையாக இருந்தது. போனை ஜன்னலிலிருந்து மெல்ல இறக்கினேன். அவள் ஆட்டம் உறைந்து நின்றது.

"அரே ருக்கோ, அவ லைன் போச்சு. வரட்டும்," என்றாள் தோழி.

மூவரும் ஆட்டத்தை நிறுத்திவிட்டுக் காத்திருந்தார்கள். நான் கையை மறுபடி உயர்த்தினேன்.