நல்லமுத்து சாரும் பி நெகட்டிவும்

நல்லமுத்து சார் இன்று காலை இறந்துவிட்டார். ஹார்ட் அட்டாக்.

எங்கள் கல்லூரியில் ஹிஸ்டரி எச்.ஓ.டி.யாக இருந்து ரிட்டையர் ஆனவர். நான் பாட்டனி. எனக்கும் அவருக்கும் பழக்கம் ஏற்பட்டதே ஒரு சண்டையில்தான்.

எல்லா டிபார்ட்மென்ட் பிள்ளைகளும் அடிப்படை உயிரியல் ஒரு பேப்பர் படிக்க வேண்டும் என்று கொண்டுவந்த வருடம் அது. பாடம் நடத்துவது நான். ஸ்டாஃப் மீட்டிங்கில் சார் எழுந்து நின்றார்.

"ஏனுங்க மேடம், எங்க பசங்களுக்கு அமீபா எதுக்குங்க? அசோகருக்கு அமீபா தெரியுமுங்களா?"

நான் சொன்னேன், "தெரியாதுங்க சார். ஆனா அவர் வயித்துல இருந்திருக்கும்."

மீட்டிங்கே சிரித்தது. சார் மட்டும் சிரிக்கவில்லை. பிரின்சிபால் அதோடு விடாமல், ஒவ்வொரு துறையிலிருந்தும் ஒரு ஆசிரியர் பிள்ளைகளோடு லேபுக்கு வர வேண்டும் என்று ஆர்டர் போட்டுவிட்டார். ஹிஸ்டரியில் ஜூனியர்கள் எல்லோரும் ஆளுக்கொரு காரணம் சொல்லி நழுவ, மிஞ்சியது சார்.

கடைசி பெஞ்சில் கையைக் கட்டிக்கொண்டு உட்காருவார். முதல் நாளே சந்தேகம் கேட்டார்.

"மொத செல்லு எப்ப உண்டாச்சுங்க? வருசம் சொல்லுங்க."

"சுமார் முந்நூற்றைம்பது கோடி வருஷத்துக்கு முன்னாடி சார்."

கொஞ்ச நேரம் யோசித்தார். "அப்ப கி.மு.தான்" என்று எழுதிக்கொண்டார்.

அடுத்து வெங்காயத் தோல் பிராக்டிகல். நான் அந்தப் பக்கம் போய் வருவதற்குள் சார் மைக்ராஸ்கோப்பைப் பிடித்துவிட்டார். "எவ்வளவு வட்டமா இருக்குது பாருங்கடா. இதுதான் நியூக்ளியஸ். வரைங்க." பிள்ளைகள் அத்தனை பேரும் ரெக்கார்டில் வட்டம் வரைந்து, கறுப்பு விளிம்பு போட்டு, நியூக்ளியஸ் என்று அம்புக்குறியும் போட்டாகிவிட்டது.

பார்த்தால்... காற்றுக் குமிழி.

மெதுவாகக் காதில் சொன்னேன். சார் முகம் மாறவே இல்லை. "சரிங்க மேடம், அதுவும் இருந்துட்டுப் போகட்டும். நடந்ததை அழிக்கக் கூடாதுங்க."

அந்த ரெக்கார்டுகளுக்கு நான்தான் கையெழுத்துப் போட்டேன்.

பிறகு ரத்த வகை பார்க்கும் பிராக்டிகல். ஊசியைப் பார்த்ததும் பிள்ளைகள் ஒருத்தர் பின்னால் ஒருத்தர் ஒளிந்தார்கள். "முதலில் சார் வருவார்" என்று சொல்லிவிட்டேன். கொஞ்சம் பழிவாங்கல்தான். ஒத்துக்கொள்கிறேன்.

"எனக்கு எதுக்குங்க? எனக்கு ஓ பாசிட்டிவ். லைசென்ஸ்லயே போட்டிருக்குது."

"எப்ப டெஸ்ட் பண்ணீங்க சார்?"

"டெஸ்ட் எல்லாம் பண்ணலீங்க. எங்க அண்ணனுக்கு ஓ பாசிட்டிவ். ஒரே வயித்துல பொறந்தவங்க, எனக்கு மட்டும் வேறயா இருக்குமுங்களா?"

வகுப்பே பார்த்துக்கொண்டிருந்தது. வேறு வழியில்லாமல் விரலை நீட்டி, முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பி, பானிபட் போரைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார். முதல் போர் முடிந்ததும், "இப்பக் குத்துங்க" என்றார்.

"குத்தியாச்சுங்க சார்."

மூன்று சொட்டு ரத்தம், மூன்று மருந்து. நடுவில், பி-க்கான மருந்தில் விட்டது மட்டும் திரிதிரியாகத் திரண்டது. மற்ற இரண்டும் அப்படியே இருந்தன. சந்தேகத்தில் இரண்டாம் தடவையும் செய்து பார்த்தேன். பி நெகட்டிவ்.

"மருந்து கெட்டுப்போயிருக்குமுங்க" என்றார் சார். அன்று மாலையே வெளியே ஒரு ரத்தப் பரிசோதனை லேபுக்குப் போய்ப் பார்த்திருக்கிறார். அங்கேயும் பி நெகட்டிவ்தான். மறுநாள் ஸ்டாஃப் ரூமில், "நம்முளுது ரொம்ப அபூர்வமாமுங்க" என்று ஆளாளுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்.

இரண்டு வாரம்கூட ஆகவில்லை. தமிழ்த்துறை மாணவி ஒருத்தி வகுப்பு நடக்கும்போதே அழுதுகொண்டு வந்தாள். அவள் அக்காவுக்கு சேலத்தில் பிரசவம், ரத்தம் நிற்கவில்லை, பி நெகட்டிவ் ஒரு யூனிட்தான் கிடைத்திருக்கிறது, இன்னொன்று வேண்டும் என்றாள்.

நான் சாரைப் பார்த்தேன். சார் ஜன்னலைப் பார்த்தார்.

அப்புறம் எழுந்து செருப்பை மாட்டினார். "நீங்களும் கூட வாங்க மேடம். தனியா என்னால ஆகாது."

எங்கள் ராசிபுரத்திலிருந்து சேலம் ஃபேர்லேண்ட்ஸ் ஆஸ்பத்திரி வரைக்கும் பஸ்ஸில் காரணம் சொல்லிக்கொண்டே வந்தார். வயசு ஐம்பத்தாறு ஆச்சுங்களே. காலையில மூணு இட்லிதானுங்களே. பிரஷர் இருந்தாலும் இருக்குமுங்களே... ஆனால் இறங்கலாமா என்று ஒருமுறைகூடக் கேட்கவில்லை.

செக் பண்ணிய நர்ஸ், எல்லாம் சரியாக இருக்கிறது என்று சொன்னபோது அவர் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

ரத்தம் கொடுத்து முடிக்கும்வரை கண்ணைத் திறக்கவில்லை. என் மணிக்கட்டில் அவர் விரல் பதிந்த தடம் ரொம்ப நேரம் இருந்தது. முடிந்ததும் எழுந்து உட்கார்ந்து, ரத்தப் பையைப் பார்த்து, "இவ்வளவுதானுங்களா?" என்றார் தெம்பாக.

அப்போது பக்கத்துக் கட்டிலில் ஒருவருக்கு ஊசி ஏற்றினார்கள். சார் அதைப் பார்த்தார். அப்படியே என் மேல் சாய்ந்துவிட்டார்.

காலைத் தூக்கிவைத்து, தண்ணீர் தெளித்தோம். கண் விழித்ததும் அவர் சொன்ன முதல் வார்த்தை... "பிள்ளைங்களுக்குத் தெரிய வேண்டாமுங்க மேடம்."

அக்காவும் குழந்தையும் பிழைத்துக்கொண்டார்கள். மறுநாள் வகுப்பில் சாரே கதை சொன்னார். அந்தக் கதையில் மயங்கி விழுந்தது பக்கத்துக் கட்டில்காரர். தாங்கிப் பிடித்தது சார். நானும் ஆமாம் என்று தலையாட்டினேன்.

அதற்குப் பிறகும் ரத்தம் கேட்டு எப்போது கூப்பிட்டாலும் போனார். ஒவ்வொரு முறையும் பயந்துகொண்டேதான் போனார்.

இன்று காலை செய்தி கேட்டதும் அவர் வீட்டம்மாவுக்குப் போன் செய்தேன். "நல்லாத்தானுங்க இருந்தாரு. ரெண்டு தோசை சாப்பிட்டாரு. மூணாவது ஊத்தட்டுமான்னு கேட்டேன், பதிலே இல்லீங்க..." என்றவர், "நீ ஏதாச்சும் சாப்பிட்டியா அம்மிணி?" என்று கேட்டார்.

சாப்பிட்டேன் என்று பொய் சொன்னேன்.

மூன்று மணிக்கு வீட்டிலிருந்து எடுக்கிறார்கள். பழைய ஸ்டூடண்ட்ஸ் பக்கத்தில் இருந்தால் வாருங்கள்.

நான் கிளம்பிவிட்டேன் சார். வாரேன், இருங்க.