அக்கா வீட்டுச் சுவர்

நம் இயக்குநர் சமுதாயத்தின் இருட்டை வெளிச்சம் போட்டுக் காட்டப் பிறந்தவர். முதல் படம் சாக்கடைக்குள் இறங்குகிறவர்களைப் பற்றியது. இரண்டாவது, பாலத்தடியில் தூங்குகிறவர்களைப் பற்றி. இரண்டுக்கும் வெளிநாட்டு விழாக்களில் எழுந்து நின்று கைதட்டினார்கள். உள்ளூர் தியேட்டர்காரர் மட்டும், "சார், இன்டர்வல் விட்டா ஒருத்தரும் திரும்பி வரமாட்டாங்க" என்றார். இயக்குநர் அதையும் பாராட்டுக் கணக்கில் சேர்த்துக்கொண்டார்.

மூன்றாவது படம், குடியிருப்பவர்களை நோயாளியாக்கும் வாடகை வீடுகளைப் பற்றி. ஊரைச் சல்லடை போட்டுச் சலித்துக் கடைசியில் கண்டுபிடித்தது சொந்த அக்காவின் ஒற்றை அறையை. அத்தான் படுக்கும் கட்டிலுக்கு மேலே சுவர் முழுக்கக் கறுப்பாக ஈரம் பூத்திருந்தது.

"எவ்வளவு கொட்டினாலும் இப்படி ஒரு செட் போட முடியாதுக்கா," என்று தழுதழுத்தார்.

"பிடிச்சிருந்தா பேத்து எடுத்துட்டுப் போடா. புண்ணியமாப் போகும்."

முதலீடு கிடைக்கும்போது நாலு நாள், கிடைக்காவிட்டால் நாலு மாதம் ஓய்வு என்று படப்பிடிப்பு நடந்தது. அதனால் ஒரு சட்டம் போட்டார்: கன்டினியூட்டி. முதல் ஷாட்டில் இருந்தது கடைசி ஷாட் வரை அப்படியே இருக்க வேண்டும். சுவரில் கை வைக்கக் கூடாது. இரண்டு வருஷம் போயிற்று. சுவர் அப்படியே இருந்தது; அத்தானின் இருமல்தான் சட்டத்தை மீறி வளர்ந்தது. இயக்குநர் அதையும் பதிவு செய்தார். "இன்னொரு தடவை அத்தான், கொஞ்சம் நிதானமா." அத்தான் மைத்துனர் பேச்சைத் தட்டாதவர். நிதானமாக இருமிக் கொடுத்தார்.

பாக்கி ஒரே ஷாட். காலையில் கேமராவோடு வந்தால், சுவர் புதுப் பூச்சோடு பளபளவென்று நின்றது.

"தலையில கல்லத் தூக்கிப் போட்டுட்டியேக்கா. ஒரு நாள் பொறுக்கக் கூடாதா?"

"இந்த ஈரத்துல அவரு இனிமே படுக்கவே கூடாதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு. உன் பேச்சக் கேட்டு ரெண்டு வருஷம் பொறுத்தேன் பாரு, என்னைச் சொல்லணும்."

இயக்குநர் அசரவில்லை. கலை இயக்குநர் கரித்தூளையும் டீத்தண்ணீரையும் கலந்து, ஒரு மணி நேரத்தில் பழைய ஈரத்தைப் புதுச் சுவரில் வரைந்துவிட்டார். கேமராமேன்தான் தயங்கினார்.

"சார், கட்டில்ல ஒருத்தர் படுத்திருப்பாரே? கன்டினியூட்டி இடிக்குமே?"

அப்போதுதான் இயக்குநர் கட்டிலைப் பார்த்தார்.

"அத்தான் எங்கேக்கா?"

"நேத்தே ஆஸ்பத்திரியில சேர்த்தாச்சு. வந்ததுலேர்ந்து சுவத்தையே பாக்கற, சொல்லலாம்னா இடம் குடுத்தியா?"

இயக்குநர் காலிக் கட்டிலை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். பிறகு உதவி இயக்குநரை அத்தானின் போர்வைக்குள் படுக்க வைத்தார். இருமல்தான் ஏற்கெனவே கையில் இருக்கிறதே.

அத்தான் ஆஸ்பத்திரியிலிருந்து அந்தக் கட்டிலுக்குத் திரும்பவே இல்லை. படத்துக்கு ஒலிப்பதிவில் விருது கிடைத்தது. உள்ளூர்த் திரையிடலுக்கு வரச்சொல்லி அக்காவுக்குப் போன் செய்தார்.

"அந்த இருமல நான் நேர்லயே கேட்டுட்டேன்டா," என்று சொல்லிப் போனை வைத்துவிட்டாள்.

இயக்குநர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அந்த வரியை நோட்டில் குறித்துக்கொண்டார். அடுத்த படத்துக்கு ஆகும்.