முன் பெஞ்சு விருந்தாளிகள்

கோயில் காட்டுகிற வேலையில் செருப்பு தேய்வதற்கு முன்னாலேயே பொறுமை தேய்ந்துவிடும். ஊருக்கு வந்த விருந்தாளியை ஒரு நாளாவது சுற்றிக் காட்டியவர்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை. நான் அந்த வேலையை வருஷக்கணக்கில் செய்தேன். அப்போது நிஜாம் ராஜ்யம். என் வீட்டுக்காரர் லாலாகுடா ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டர், நான் செகந்திராபாத்தில் ஒரு கான்வென்டில் தையல் டீச்சர். கன்னியாஸ்திரீகள் சொல்லிக் கொடுத்த இங்கிலீஷும், தெருவில் பொறுக்கிய தெலுங்கும் உருதுவும், வட ஆற்காட்டிலிருந்து அப்பா அம்மா கொண்டுவந்த தமிழும் என் வாயில் இருந்தன. அதனால் வெளியூர்க்காரர்களைக் கூட்டிக்கொண்டு நடக்கும் பொறுப்பைக் கோயில் கமிட்டி என் தலையில் கட்டியது.

நாலைந்து பேர் சேர்ந்தால் ஒரு சுற்று. கல் குகை மாதிரி கட்டிய லூர்து மாதா கெபியில் தொடங்கி, கான்வென்ட், பட்டாளத்துக்காரர்களின் சின்னக் கோயில், கல்லறைத் தோட்டம், கடைசியில் எங்கள் பெரிய கோயில். வெயில் ஏறுவதற்குள் முடித்துவிட வேண்டும் என்பது ஏற்பாடு. ஒரு நாளும் முடிந்ததில்லை.

வாசலில்

கோயில் வாசலில் நம்மவர்கள் செருப்பைக் கழற்றுவார்கள். வெள்ளைக்கார ஆண்கள் தொப்பியைக் கழற்றுவார்கள். வெள்ளைக்காரப் பெண்கள் இரண்டையும் கழற்றமாட்டார்கள். இந்த மூன்று வகையையும் ஒரே சுற்றில் சேர்க்கக் கூடாது என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை.

ஒரு தடவை திருச்சியிலிருந்து ஒரு ரயில்வே குமாஸ்தா தன் மனைவியோடும் அக்காவோடும் வந்திருந்தார். அதே சுற்றில் பொலாரத்திலிருந்து ஒரு பட்டாளத்துக் கேப்டனின் மனைவி. வாசலில் நம்மவர்கள் செருப்பை விட்டுவிட்டு, பெண்கள் முந்தானையைத் தலைக்கு இழுத்துக்கொண்டார்கள். கேப்டன் மனைவி பூட்ஸ் காலோடு டக் டக்கென்று பீடம் வரைக்கும் போய்விட்டாள். குமாஸ்தாவின் அக்கா அந்தப் பூட்ஸையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டு, ரகசியம் என்று நினைத்துக்கொண்டு, கோயில் முழுக்கக் கேட்கிற மாதிரி ஒரு கேள்வி கேட்டார். "ஏம்மா, நம்ம செருப்பு மட்டுந்தான் சாமி கண்ணுல படுமா?"

கயிறு

எங்கள் கோயிலில் முன் பாதி பெஞ்சு, பின் பாதி பாய். நடுவில் ஒரு சிவப்புக் கயிறு. பெஞ்சுகளில் பித்தளைத் தகடு அடித்து இன்ன குடும்பம் என்று பேர் வெட்டியிருக்கும். வெள்ளைக்காரர்களும் ஆங்கிலோ இந்தியர்களும் அங்கே. தமிழ்க்காரர்களும் தெலுங்குக்காரர்களும் பாயில். இப்படித்தான் உட்கார வேண்டும் என்று எங்கேயும் சட்டம் எழுதி வைக்கவில்லை. கயிறு மட்டும் இருந்தது.

மற்ற நாட்களில் விருந்தாளிகளோடு நான் அந்தக் கயிற்றைத் தாண்டிப் போவேன். பீடத்துக்கு முன்னால் நின்று, இந்தச் சுரூபம் இன்ன நாட்டிலிருந்து கப்பலில் வந்தது, இந்த ஜன்னல் கண்ணாடி இன்னார் நினைவாக வைத்தது என்று குரலை உயர்த்திச் சொல்வேன். ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வந்தால் அதே நான் கயிற்றுக்குப் பின்னால் பாயில். சனிக்கிழமை வரைக்கும் என்னைத் தெரிந்த கோயிலுக்கு ஞாயிற்றுக்கிழமை காலையில் தெரியாமல் போனால் எரிச்சல் வருமா, வராதா? எனக்கு வந்தது. அதை நான் அடக்கியும் வைக்கவில்லை, கேட்டவர்களிடமெல்லாம் சொன்னேன்.

நீலகிரியில் தேயிலைத் தோட்டம் வைத்திருந்த ஒரு துரைசானி தகடுகளையெல்லாம் குனிந்து படித்துவிட்டு, "உன் பெஞ்சு எது?" என்று கேட்டாள். நல்ல மனசோடுதான் கேட்டாள். நான் கயிற்றையும் பாயையும் காட்டினேன். நான் பிறந்ததிலிருந்து அங்கேதான் என்றும், செத்தால்கூட என் பெட்டியை அதுவரைக்கும்தான் கொண்டுவருவார்கள் என்றும் சொன்னேன். கொஞ்சமாவது சங்கடப்படுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் கைவிசிறியால் முகத்துக்கு வீசிக்கொண்டே சொன்னாள். "இந்த ஊர் வெயிலுக்குத் தரை எவ்வளவு குளிர்ச்சியாக இருக்கும், கொடுத்து வைத்தவர்கள் நீங்கள்."

நடக்காத பக்தர்

எல்லோரும் என்னைக் கோபப்படுத்தவே வந்தார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். மதராஸிலிருந்து ஒரு வக்கீல் வந்தார், நல்ல கனத்த சரீரம். நடைச் சுற்று என்று முன்பே சொல்லியிருந்தும் ஜட்காவிலிருந்து இறங்க மறுத்துவிட்டார். கெபியை ஜட்காவில் இருந்தபடியே கும்பிட்டார். கான்வென்டையும் அப்படியே. நான் வெயிலில் வண்டிக்குப் பக்கத்தில் நடந்துகொண்டே விளக்கம் சொன்னேன்; குதிரைகூட என்னைப் பரிதாபமாகப் பார்த்தது. கல்லறைத் தோட்டத்துக்கு முன்னால் வண்டி நின்றதும் அவர் உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு வண்டிக்காரனைத் தட்டினார். "இங்க எப்படியும் ஒரு நாள் வந்துதானே ஆகணும், இப்ப எதுக்கு?"

பீபி வந்தார்

எங்கள் ஊர் ஏரிக்கு அந்தப் பக்கம், பழைய ஹைதராபாத்தில் ஒரு நவாப் வீட்டுப் பீபி மாதாவைப் பார்க்க வேண்டும் என்று சொல்லி அனுப்பினார். அவருடைய மகளுக்கு உடம்பு சரியில்லை, பீபி மரியத்துக்கு, அதாவது எங்கள் மாதாவுக்கு, மெழுகுவத்தி ஏற்றுவதாக வேண்டியிருக்கிறார். முஸ்லிம் வீட்டுப் பெண்கள் மாதாவிடம் இப்படி வருவது எங்களுக்குப் புதிதில்லை. ஆனால் இவர் கோஷா. வெளி ஆண் கண்ணில் படக் கூடாது.

கார் வாசலை ஒட்டி வந்து நின்றது. வேலைக்காரப் பெண்கள் இரண்டு பக்கமும் நீளத் துணியைப் பிடித்துக்கொள்ள, நடுவில் பீபியும் நானும் நடந்தோம். துணிச் சுவர் நகர நகர நாங்களும் நகர்ந்தோம். எங்கள் கோயில்பிள்ளை லாசர், பூசைக்கு உதவுவதும் கோயிலைப் பூட்டித் திறப்பதும் அவர் வேலை, ஒரு தூணுக்குப் பின்னால் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றார்.

பீபி மெழுகுவத்தியை ஏற்றினார், அழுதார். பிறகு கால் வலிக்கிறது என்று நேராக முதல் பெஞ்சில் ஏறி, வீட்டுத் திவானில் உட்காருகிற மாதிரி சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டார். அது கமிட்டிச் செயலாளர் மிஸஸ் பார்லோவின் பெஞ்சு. வெல்வெட் மெத்தை போட்டது. துணிக்குள் யாரும் வர முடியாது, லாசர் தூணுக்குப் பின்னாலிருந்து, "எந்தப் பெஞ்சி, ஆரோக்கியம், எந்தப் பெஞ்சி?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

பீபி என்னை நிமிர்ந்து பார்த்தார். "கைக்கு கடீ ஹை மா? பைட்டோ" என்றார். ஏன் நிற்கிறாய், உட்கார் என்று. "நக்கோ பீபி, நக்கோ" என்று மறுத்தேன். அவர் என் கையைப் பிடித்து இழுத்துப் பக்கத்தில் உட்கார வைத்துவிட்டார். அந்தக் கோயிலில் ஞானஸ்நானம் வாங்கினேன், தாலி கட்டிக்கொண்டேன். பெஞ்சில் உட்கார்ந்தது அன்றைக்குத்தான். என்னை உட்கார வைக்க எங்கள் கோயிலைச் சேராத ஒரு பெண் வர வேண்டியிருந்தது. அதை நினைத்ததும் எனக்கும் அழுகை வந்துவிட்டது. இரண்டு பேரும் வேறு வேறு காரணத்துக்காக அழுதோம்.

கார் போன பிறகு லாசர் வந்து மெத்தையைத் தட்டினார். அத்தர் வாசனை மெத்தையிலிருந்தும் போகவில்லை, என் புடவையிலிருந்தும் போகவில்லை. அவரும் என்னைப் போலத் தமிழர்தான், அவர் பெண்டாட்டியும் பாயில்தான் உட்காருவாள். அந்த மனுஷன் என்னைப் பார்த்துச் சொன்னார். "அவங்க பெரிய எடம், உக்காரலாம். நீ நம்மாளு, உனக்கு எதுக்கு இந்த வேலை?"

மிஸஸ் பார்லோவின் நியாயம்

அத்தர் வாசனை என்னைக் காட்டிக் கொடுத்தது. கமிட்டி கூப்பிட்டது. மிஸஸ் பார்லோ கெட்டவள் என்று சொல்லமாட்டேன். என் தையலை எல்லோரிடமும் புகழ்வாள், என் குழந்தைக்குக் காய்ச்சல் வந்தபோது சூப் கொடுத்தனுப்பினாள். அதனால்தான் அவள் சொன்னது எனக்கு இன்னும் அதிகமாக எரிந்தது. பீபி உட்கார்ந்ததில் தப்பே இல்லையாம். சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் யாராக இருந்தாலும், எந்த நாளானாலும், ஞாயிற்றுக்கிழமைப் பூசையாக இருந்தாலும் முன்னால் உட்காரலாம், அது கோயிலின் மரியாதையாம். கூட்டிவருகிறவள் மட்டும் நிற்க வேண்டும். இனி ஒரு தடவை உட்கார்ந்தால் இந்த வேலை எனக்கு இல்லை.

"இந்தக் கோயிலிலேயே பிறந்து வளர்ந்தவர்கள் பாயில், நேற்று வந்தவர்கள் பெஞ்சிலா?" என்று கேட்டேன். மற்றவர்கள் மேஜையைப் பார்த்தார்கள். மிஸஸ் பார்லோ மட்டும் அன்பாகவே பதில் சொன்னாள். "அதில் ஒரு தொந்தரவும் இல்லை, ஆரோக்கியம். அவர்கள் ஒரு நாள் உட்கார்ந்துவிட்டுப் போய்விடுவார்கள்."

லாலாகுடாவிலிருந்து வந்தவர்கள்

வீட்டுக்கு வந்து என் வீட்டுக்காரரிடம் சொன்னேன். இந்த வேலை போனால் போகட்டும், ஆனால் நான் ஒன்று செய்யப் போகிறேன் என்றேன். என்ன செய்யப் போகிறேன் என்று சொல்லி முடிப்பதற்குள் அவர், "ஹவ், ஹவ், செய்" என்று தலையை ஆட்டிவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தார்.

எங்கள் குவார்ட்டர்ஸ் வரிசையில் மரியபுஷ்பம் என்று ஒருத்தி, ஜோலார்பேட்டைக்காரி. அவள் புருஷனும் ஒர்க்‌ஷாப்தான். அவளையும் இன்னும் மூன்று பெண்களையும் கூப்பிட்டு, "உங்களுக்குக் கோயில் சுத்திக் காட்டறேன், வாங்க" என்றேன். "தெரிஞ்ச கோயிலுதானே அக்கா" என்றாள். "பின்னாலேர்ந்து தெரிஞ்ச கோயிலு" என்றேன். அவளுக்குப் புரிந்துவிட்டது. பிறகு பெட்டியிலிருந்து கல்யாணப் புடவையை எடுத்துக் கட்டிக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் நடந்தோம். நான் எதையும் விடவில்லை. துரைசானிக்குச் சொன்னதையெல்லாம் அவர்களுக்கும் சொன்னேன். கெபியில் நின்றோம், கான்வென்ட் வாசலில் நின்றோம், கல்லறைத் தோட்டத்தில் மரியபுஷ்பத்தின் முதல் குழந்தையைப் புதைத்த இடத்தில் நின்றோம். அதை வேறு எந்த விருந்தாளிக்கும் நான் காட்டியதில்லை. பெரிய கோயிலுக்கு வந்தபோது பூசைக்கு முதல் மணி அடித்துவிட்டது.

லாசர் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றார். "யாரு இவங்க?"

"விருந்தாளிங்க. சுத்திப் பாக்க வந்திருக்காங்க."

"லாலாகுடாவுலேர்ந்தா?"

"கமிட்டி எந்த ஊருன்னு சொல்லலியே. யாரா இருந்தாலும்னுதான் சொன்னாங்க. வேணும்னா உள்ள போய்க் கேட்டுட்டு வா."

லாசர் அவர்களைப் பார்த்தார். மூன்றாவதாக நின்றவள் அவருடைய பெண்டாட்டி. அவளை நான் கூப்பிடவே இல்லை. வழியில் பார்த்து என்ன ஏது என்று கேட்டுத் தானாகவே சேர்ந்துகொண்டவள். அவள் புருஷனையே பார்த்தாள். அவர் கயிற்றை அவிழ்த்தார்.

முதல் பெஞ்சில் உட்கார்ந்தார்கள். நான் நடையில் நிற்க வேண்டும் என்பது உத்தரவு. நின்றேன். இரண்டாவது மணி அடித்தது. மிஸஸ் பார்லோ தொப்பியும் கையுறையுமாக வந்து, தன் பெஞ்சைப் பார்த்துவிட்டு, என்னைப் பார்த்தாள். நான் அவளைப் பார்த்துக்கொண்டே மரியபுஷ்பத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன். எழுந்திருக்கவில்லை. அவள் பின்னால் ஒரு பெஞ்சைத் தேடிப் போனாள்.

சாமியார் வெள்ளைக்காரர். அந்தக் காலத்துப் பூசை லத்தீனில், பீடத்தைப் பார்த்தபடி. எங்களை அவர் கவனிக்கவில்லை. நன்மை, அதாவது மந்திரித்த அப்பம், கொடுக்கத் திரும்பியபோதுதான் பார்த்தார். எங்கள் கோயிலில் முதல் பெஞ்சுக்காரர்கள்தான் முதலில் நன்மை வாங்கப் போவார்கள், கடைசிப் பாய்க்காரர்கள் கடைசியில். நாங்கள் எழுந்து வெறுங்காலோடு பீடத்துக்கு முன்னால் இருந்த கிராதிக்குப் போய் முழந்தாள் போட்டோம். அவர் ஒரு கணம் தயங்கினார். பிறகு குனிந்து, மரியபுஷ்பத்தின் நாவில் முதலில் நன்மையை வைத்தார். எனக்குப் பின்னால் அவ்வளவு பெரிய கோயிலும் காத்துக்கொண்டிருந்தது. அன்றைக்குக் கொஞ்சம் மெதுவாகவே எழுந்து வந்தோம், அதற்கு நான் வருத்தப்படவில்லை.

பூசை முடிந்து வெளியே வந்ததும் கமிட்டி ஆள் ஒருவர் வந்து, நாளையிலிருந்து நான் யாரையும் கூட்டிவர வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போனார். மரியபுஷ்பம் அதைக் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை. இடுப்பைப் பிடித்துக்கொண்டு என்னிடம் சொன்னாள். "பலகை இன்னா இப்படிக் குத்துது அக்கா, இதுக்கா இத்தினி நாளு கயிறு கட்டி வச்சிக்கினு இருந்தாங்க?"

கோயில் காட்டுகிற வேலை அன்றோடு போனாலும், லாலாகுடாவில் கோயிலை முன்னாலிருந்து பார்க்காதவர்கள் வரிசை வரிசையாக மிச்சம் இருந்ததால், அடுத்த ஞாயிற்றுக்கிழமையும் நான் சும்மா இருக்கவில்லை.