என்னைக் ‘காலஞ்சென்ற’ என்று போட்ட ரஷீத் நானா

ரஷீத் நானா போய்விட்டார். இன்று காலை சுபஹுத் தொழுகைக்கு எழும்பியவர், முகம் கழுவப் போன இடத்திலேயே விழுந்துவிட்டாராம்.

அவருடைய மகன் வாய்ஸ் மெசேஜ் அனுப்பியிருந்தார். இரண்டு தடவை கேட்டேன்... மூன்றாவது தடவை முடியவில்லை.

மாத்தளை ஆட்களுக்கு நானாவைத் தெரியும். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் ஊர் மாதப் பத்திரிகையைத் தனி ஆளாக நடத்தியவர். அதற்கு நல்ல பெயர் ஒன்று இருந்தது, யாரும் சொல்ல மாட்டோம். "எட்டுப் பக்கம் வந்திருச்சா?" என்றுதான் கேட்போம். எட்டே பக்கம்.

முதலில் ரோனியோ மெஷினில் இரண்டு தாள். பிறகு அச்சுக்கோர்த்து, பிறகு ஆஃப்செட். கடைசியில் கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு என் ரிப்பேர் கடைக்கு வந்து, "இது ஏன் தம்பி என்னைய மதிக்குதில்ல?" என்று கேட்டார். அப்படித்தான் பழக்கம்.

ஏன் தொடங்கினீங்க என்று ஒருமுறை கேட்டேன்.

"கொழும்புப் பேப்பர்ல நம்ம ஊரு வரணும்னா ஒண்ணு வெள்ளம் வரணும், இல்லாட்டி மந்திரி வரணும். ரெண்டும் வராத மாசத்துல இங்க ஒருத்தரும் பொறக்கல்லயா, மௌத்தாகல்லயா?"

எல்லாரும் முதலில் திருப்புவது கடைசிப் பக்கத்தை. மரண அறிவித்தல் எல்லாம் அங்கேதான்.

போன வருடம் என் சுகந்தியும் அந்தப் பக்கத்தில் வந்தாள். டெங்கு. ஐந்து நாள்.

முப்பத்தோராம் நாள் அஞ்சலியை நானாவே எழுதினார். பழைய அறிவித்தல் ஒன்றைத் திறந்து, அதன் மேலேயே புதுப் பெயர்களை அடிப்பது அவர் வழக்கம். முந்தியது ஒரு விதவை அம்மாவுடையது. அதில் கணவர் பெயருக்கு முன்னால் இருந்த ஒரு சொல்லை அழிக்க மறந்துவிட்டார்.

"காலஞ்சென்ற பிரதீப்குமாரின் அன்பு மனைவியும்..."

பிரதீப்குமார் நான்தான்.

பத்திரிகை காலை பஸ்களில் போய்விட்டது. அதற்குப் பிறகுதான் நானா கண்டிருக்கிறார். என் வீட்டு வாசலில் வந்து நின்றார், சட்டைப் பொத்தான் எல்லாம் மாற்றிப் போட்டபடி.

"தம்பி, பெரிய பிழை ஒண்ணு செஞ்சிட்டேன்."

"விடுங்க நானா. சரியாத்தானே போட்டிருக்கீங்க."

நிஜமாகவே அப்படித்தான் நினைத்தேன். ஒரு மாதமாக வாசலைத் தாண்டவில்லை, அழவும் இல்லை. சுகந்தி பின்னாலேயே போய்விடலாம் என்ற நினைப்பு இருந்தது. யாரிடமும் சொல்லவில்லை.

நானா என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"எத்தன மௌத்த நான் போட்டிருப்பேன்? மௌத்தான ஆள எனக்குத் தெரியும். நீங்க அது இல்ல. செருப்பப் போடுங்க."

திருத்தம் போட அடுத்த மாதம் வரை காத்திருக்க முடியாதாம். பேப்பர் போன கடைக்கெல்லாம் அன்றே திருத்தம் போக வேண்டுமாம். திருத்தம் என்றால் நான்தான்.

பலாபத்வல, நாலந்த, தம்புள்ளை... பஸ்ஸில் ஏற்றி, இறக்கி, ஒவ்வொரு கடையிலும் தோளைப் பிடித்து முன்னால் நிறுத்தினார்.

"கடைசிப் பக்கத்துல காலஞ்சென்றன்னு ஈக்கே, அது என்ட பிழை. ஆளு இந்தா ஈக்கிறாரு. நல்லாப் பாத்துக்கோங்க."

பிறகு பேனாவை எடுத்து, விற்காமல் கிடந்த எல்லாப் பேப்பரிலும் அந்தச் சொல்லை வெட்டினார்.

பலாபத்வலக் கடைக்கார அம்மா பிளேன்டீயும் பணிஸும் கொண்டுவந்து வைத்து, நான் முடிக்கும் வரை பக்கத்திலேயே நின்றார்.

தம்புள்ளையில் எங்கள் ஊர் மரக்கறி முதலாளி ஒருவர். என்னை மேலிருந்து கீழ் வரை பார்த்தார். ஒரு மாதத் தாடி.

"நானா, தாடியப் பாத்தா நீங்க போட்டதுதான் சரி மாதிரி இருக்கே!"

நானாவின் முகம் சுருங்கிவிட்டது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்துக்கொண்டே இருந்தேன்... பிறகு அது சிரிப்பு இல்லை. முட்டைக்கோவா மூட்டை மேல் உட்கார்ந்து சத்தம் போட்டு அழுதேன். சுகந்தி போன பிறகு அன்றைக்குத்தான் முதல் தடவை.

லொறிக்காரர்கள் சுற்றிப் போனார்கள். நல்ல வெயில். நானா என் தலைக்கு மேல் ஒரு பேப்பரை விரித்துப் பிடித்துக்கொண்டு நின்றார். அவருடைய தலையில் வெயில்.

திரும்பி வரும்போது சொன்னார், "நாளைக்கு ஒபிஸுக்கு வாங்க. பக்கம் போட ஆள் இல்ல." போனேன். அதற்குப் பிறகு ஒவ்வொரு மாதமும் போனேன். இரவு என்னைக் கொண்டுவந்து விட்டால், உள்ளே போய் லைட்டைப் போட்டு "வந்து சேர்ந்துட்டேன் நானா" என்று நான் சொல்லும் வரை வாசலை விட்டுப் போகமாட்டார்.

இன்று அஸர் தொழுகைக்குப் பிறகு அடக்கம். ஜனாஸாவைத் தூக்கிக்கொண்டு போகும்போது ஆள் மாற்றினார்கள். நானும் தோள் கொடுத்தேன்.

சுகந்தியைத் தூக்கிய அன்று என் கால் நிற்கவில்லை. இரண்டு பேர் என்னைப் பிடித்துக்கொண்டார்கள். இன்று நின்றது. மையவாடி வரைக்கும் நடந்தது. அவளுக்கு நிற்காத கால்...

இப்போதுதான் வீட்டுக்குள் வந்தேன். லைட் போடவில்லை.

நான் வந்து சேர்ந்துட்டேன் நானா. நீங்க போங்க.