நூற்று எண்பது தவணை

காலை ஒன்பது ஐம்பத்திரண்டு. வங்கியின் ஷட்டர் முழங்கால் உயரத்துக்குத் தூக்கப்பட்டிருந்தது. உள்ளே முதலில் தெரிந்தவை ஒரு ஜோடிக் கால்கள். ஈரத் துடைப்பத்தோடு அவை பக்கவாட்டில் நகர்ந்துகொண்டிருந்தன. தரை காய்ந்த பிறகுதான் விடுவோம் என்றார் காவலாளி. என் மனைவி படியில் உட்கார்ந்தாள். எங்கே போனாலும் முதலில் உட்கார இடம் பார்ப்பது இந்த நாலைந்து வருடமாக அவளுக்குப் பழக்கமாகியிருந்தது.

அவள் மடியில் கைப்பை. உள்ளே ஒரு காசோலைப் புத்தகம், ஒரு டியூ புத்தகம், நாலாக மடித்த ஒரு கடிதம். கடிதம் அவள் வேலை பார்க்கும் தனியார் மருத்துவமனைக்கு எழுதியது. ராஜினாமா. நான்தான் எழுதிக்கொடுத்தேன். பத்திரிகையில் மற்றவர்கள் எழுதியதைச் சுருக்கியே காலம் கழித்தவன் என்பதால் நாலு வரியில் முடிந்துவிட்டது. அன்று மதியம் இரண்டு மணி ஷிப்டுக்குப் போகும்போது அதைக் கொடுப்பதாக ஏற்பாடு.

அவள் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் டெக்னீசியன். வயது ஐம்பத்து மூன்று. நாள் முழுக்க நின்றுகொண்டே செய்யும் வேலை. இரண்டு கால்களிலும் முழங்காலுக்குக் கீழே நரம்பு சுருண்டு, கருநீலமாகப் புடைத்திருக்கும். இடது கணுக்காலுக்கு மேலே ஒரு புண் ஆறுவதும் திறப்பதுமாக இருந்தது. அதே மருத்துவமனையின் டாக்டர் அவளிடம் சொன்னது ஒரே வாக்கியம்: நிற்கிற வேலையை விட்டால்தான் இது ஆறும்.

வேலையை விட வேண்டுமானால் வீட்டுக் கடன் முடிய வேண்டும். அவள் சம்பளக் கணக்கிலிருந்துதான் தவணை போகிறது. நான் பணியாற்றிய பத்திரிகை தன் சேலம் பதிப்பை வெளியூருக்கு மாற்றியபோது நான் வெளியே வந்தேன். இப்போது அச்சகங்களுக்குப் பிழை திருத்திக் கொடுக்கிறேன். அந்த வருமானத்தில் மளிகையும் மின்கட்டணமும் நடக்கும்.

எங்கள் கணக்கு எளிமையானது. கடன் பதினெட்டு லட்சம். பதினைந்து வருடம், அதாவது 180 தவணை. மாதம் 17,725 ரூபாய். 156 கட்டியாகிவிட்டது. மீதி 24. பெருக்கினால் 4,25,400. மருத்துவமனை ஊழியர்கள் சேர்ந்து நடத்தும் ஏலச்சீட்டை அவள் கழிவு கொடுத்துத் தள்ளி எடுத்ததில் நாலு லட்சத்து முப்பதாயிரம் கணக்கில் இருந்தது. இருபத்து நாலு தவணையையும் ஒரே நாளில் கட்டிவிட்டு, பத்திரத்தை வாங்கிக்கொண்டு வருவதற்காகத்தான் அந்தப் படியில் காத்திருந்தோம்.

டியூ புத்தகத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். அது வங்கி கொடுத்ததல்ல. என் மனைவியின் அண்ணன் கொடுத்தது. அவர் புதுச்சத்திரத்தில் இரண்டு லாரி வைத்து ஓட்டுகிறவர். சூரமங்கலத்துக்குப் பின்னால் நாங்கள் கட்டிய வீட்டின் புதுமனை புகுவிழாவுக்கு வந்தவர், கையைப் பின்னால் கட்டிக்கொண்டு வீட்டை ஒரு சுற்றுச் சுற்றினார். லாரி டயரைப் பார்ப்பதுபோலக் குனிந்து அடித்தளத்தைப் பார்த்தார்.

"ஏனுங்க மாப்ள, வண்டின்னா பாடியில ஃபைனான்ஸ்காரன் பேரை எழுதிப்புடுவான். ஊட்டுக்கு எங்கீங்க எழுதுவாங்க?"

"உங்க மாப்பிள்ளை நெத்தியில எழுதுவாங்கண்ணா," என்றாள் என் மனைவி, காபித் தட்டோடு.

"எழுதட்டும். நெத்தி அகலமாத்தான இருக்குது."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அன்றைக்கு அவர் சட்டைப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்ததுதான் அந்தப் புத்தகம். அட்டையில் லாரிப் படம் போட்ட, நீளவாக்கில் மடங்கும் சின்ன நோட்டு. லாரிக் கடன் வாங்குகிறவர்களுக்கு ஃபைனான்ஸில் கொடுப்பது. ஒவ்வொரு மாதமும் பணம் கட்டியதும் ஒரு கட்டத்தில் தேதியும் கையெழுத்தும் விழும். கடைசிக் கட்டம் நிறைந்த அன்று வண்டியின் உடம்பில் எழுதியிருக்கும் ஃபைனான்ஸ் பெயரைச் சுரண்டிவிட்டு, அந்த இடத்தில் புதுப் பெயிண்ட் அடிப்பார்கள். மச்சான் இரண்டு முறை அப்படி அடித்திருக்கிறார்.

என் மனைவி அதில் நூற்று எண்பது கட்டத்துக்கும் எண் போட்டாள். மாதம் ஐந்தாம் தேதி பணம் பிடித்த குறுஞ்செய்தி வந்ததும் ஒரு கட்டத்தில் தேதி எழுதி, பக்கத்தில் தன் கையெழுத்தைப் போடுவாள். பதின்மூன்று வருடத்தில் ஒரு மாதமும் தவறவில்லை.

எங்கள் பக்கத்தில் கடன் என்றால் லாரிக் கடன்தான் எல்லோருக்கும் தெரிந்த கடன். சின்ன ஃபைனான்ஸ்களில் வட்டியை முதல் நாளே மொத்தமாகப் போட்டு, அசலோடு சேர்த்து, மாதங்களால் வகுத்துவிடுவார்கள். பாதி டியூ கட்டினால் பாதி வண்டி நம்முடையது. முன்னால் கட்டினாலும் போட்ட வட்டி போட்டதுதான், குறையாது. இதை யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுப்பதில்லை. வீட்டுக்கு வீடு தெரியும்.

ஆறு வருடம் முடிந்திருந்த சமயத்தில்தான் என் வேலை போனது. வருங்கால வைப்பு நிதியும் மற்றதுமாக நாலு லட்சம் கைக்கு வந்தது. அதைக் கடனில் கட்டிவிடலாமா என்று மச்சானிடம் கேட்டேன்.

"எதுக்குங்க மாப்ள? முன்னாடியே கட்டுனா வட்டியத் திருப்பியா தரப்போறான்? டியூ பாட்டுக்குப் போவட்டும். ரொக்கம் கையில இருந்தா ஒரு தைரியமுங்க."

அவர் எங்களுக்குக் கெடுதல் நினைத்துச் சொல்லவில்லை. தன் வண்டிக்கு எதைச் செய்வாரோ அதைத்தான் சொன்னார். எனக்கும் அது சரியாகவே பட்டது. அந்தப் பணத்தில் போர்வெல் போட்டோம். காம்பவுண்டுச் சுவர் எழுப்பினோம். மீதியில் அவளுக்கு ஒரு சங்கிலி.

இன்னொன்றும் இருக்கிறது. கடன் வாங்கிய இரண்டாம் வருடம் வட்டி ஏறியது. அந்தச் செய்திக்குத் தலைப்பு வைத்தவன் நான். 'வீட்டுக் கடன் வட்டி உயர்கிறது.' மூன்று பத்திக்குள் அடங்கியது என்பதுகூட நினைவிருக்கிறது. அடுத்த மாதம் வங்கியிலிருந்து ஒரு குறுஞ்செய்தி வந்தது. வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது, தவணைத் தொகையில் மாற்றம் இல்லை. அதைச் சமையலறை வாசலில் நின்று அவளுக்குப் படித்துக் காட்டினேன்.

"அப்ப நம்மளுக்கு ஏறல," என்றாள்.

"ஏறல," என்றேன்.

பத்து மணி ஆறு நிமிடத்துக்கு உள்ளே விட்டார்கள். கடன் பிரிவில் இருந்த பெண் அதிகாரிக்கு முப்பது வயதுக்குள் இருக்கும். சேலம் பேச்சு இல்லை. கடன் எண்ணைத் தட்டிவிட்டு, "முழுசா முடிக்கிறீங்களா சார்?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். என் மனைவி காசோலையை எடுத்துப் பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டாள்.

"எட்டு லட்சத்து எழுபத்தஞ்சாயிரத்துத் தொண்ணூத்தஞ்சு."

வேறு யாருடைய கணக்கோ என்று நினைத்துக் கடன் எண்ணை மறுபடி சொன்னேன். அவர் திரையை எங்கள் பக்கம் திருப்பினார். இரண்டு பெயர்களும் சரியாக இருந்தன.

என் மனைவி டியூ புத்தகத்தைத் திறந்து மேசைமேல் வைத்தாள். "இருபத்து நாலுதாங்க மேடம் பாக்கி. பாருங்க, எல்லாத்துக்கும் தேதி போட்டிருக்கேன்."

அதிகாரி அந்தப் புத்தகத்தை மரியாதையாக வாங்கிப் பார்த்தார். இரண்டு பக்கம் புரட்டினார். "நீங்க எழுதியிருக்கறது சரிதாம்மா. ஒரு தவணைகூட விடல. ஆனா இன்னும் அறுபத்து மூணு இருக்கு."

"எப்படிங்க?"

"வட்டி மாறுற வகைக் கடன் இது. நடுவுல நாலு தடவை மாறியிருக்கு. ஏறினப்ப தவணையை ஏத்தல, மாசத்தைக் கூட்டியிருக்காங்க. உங்க ஒப்புதல் கடிதத்துலயே இருக்கும்."

இருந்தது. அந்தக் கடிதத்தின் நகலை நான் கொண்டுபோயிருந்தேன். பதினோராம் பக்கம், ஒன்பதாவது பத்தி. அதே பக்கத்தின் மேல்பகுதியில் தப்பாக விழுந்திருந்த ஒரு தேதியை அந்தக் காலத்திலேயே நான் பென்சிலால் வட்டமிட்டுத் திருத்தியிருந்தேன்.

அவர் கணக்கு விவரத்தை அச்செடுத்துக் கொடுத்தார். ஒன்பது தாள். இதுவரை நாங்கள் கட்டியது 27,65,100 ரூபாய். அதில் வட்டிக்குப் போனது 18,40,195. அசலில் கழிந்தது 9,24,905. வாங்கிய கடனைவிட நாற்பதாயிரம் அதிகமாக வட்டியை மட்டுமே கட்டியிருந்தோம். வட்டி ஏறிய வருடத்துத் தாள்களில் ஒவ்வொரு மாதமும் அசலுக்கென்று இரண்டாயிரம், மூன்றாயிரம்தான் இறங்கியிருந்தது. நான் அந்தத் தாள்களை அச்சகத்துக்குப் பிழை திருத்துவதுபோல வரிசையாகப் பார்த்தேன். கூட்டலில் எங்கும் பிழை இல்லை.

"நடுவுல எப்பவாவது மொத்தமா கொஞ்சம் கட்டியிருந்தா ரொம்பக் குறைஞ்சிருக்கும் சார். இதுல வட்டி மீதிக்குத்தான். எவ்வளவு முன்னாடி கட்டுறீங்களோ அவ்வளவு லாபம்."

ஆறு வருடம் முடிந்தபோது நாலு லட்சம் கட்டியிருந்தால் என்று கேட்டேன். கேட்டிருக்க வேண்டியதில்லை. அவர் கணினியில் போட்டுப் பார்த்தார்.

"இன்னும் ஆறேழு மாசத்துல முடிஞ்சிருக்கும்."

என் மனைவியின் கை கழுத்துச் சங்கிலியைத் தொட்டது. உடனே இறங்கிவிட்டது. பிறகு கைப்பையிலிருந்து மடித்த கடிதத்தை எடுத்தாள். கிழிக்கப்போகிறாள் என்று நினைத்தேன். அதைத் திருப்பி வெள்ளைப் பக்கத்தில் 63 என்று எழுதி, பன்னிரண்டால் வகுத்தாள். ஐந்து வருடம் மூன்று மாதம். அதோடு ஐம்பத்து மூன்றைக் கூட்டினாள். அவளுடைய மருத்துவமனையில் ஓய்வு பெறும் வயது ஐம்பத்தெட்டு.

"ஏனுங்க," என்றாள் என்னிடம், குரலைத் தாழ்த்தாமல். "அன்னிக்குப் பேங்க்ல இருந்து வந்த மெசேஜுல மாசம் கூடும்னு போட்டிருந்துதா?"

"இல்ல."

"நீங்க பேப்பர்ல போட்டதுல?"

மூன்று பத்தியையும் நினைத்துப் பார்த்தேன். மூன்றாவது பத்தியின் கடைசி வரி நினைவுக்கு வந்தது. 'தவணைக் காலம் நீட்டிக்கப்படலாம் என வங்கி வட்டாரங்கள் தெரிவித்தன.' இடம் போதாமல் அந்த வரியை நான் வெட்டியிருந்தேன்.

"கடைசி வரியில இருந்துச்சு. எடுத்துட்டேன்," என்றேன்.

அவள் அதிகாரியிடம் திரும்பினாள். "நாங்க கொண்டாந்ததைக் கட்டுனா எத்தனை மாசம் வருமுங்க?"

நாலு லட்சத்து இருபத்தைந்தாயிரம் கட்டினால் மீதி 4,50,095. தவணையை அப்படியே வைத்தால் இருபத்தொன்பது மாதம். கொண்டுபோன பணத்தைக் கட்டிய பிறகும், காலையில் படியில் உட்கார்ந்திருந்தபோது நாங்கள் நம்பியிருந்ததைவிட ஐந்து மாதம் அதிகம்.

புதுக் கடன்களுக்குப் போடும் குறைந்த வட்டி முறைக்கு மாறினால் மாதம் குறையுமா என்று கேட்டேன். மனு கொடுத்தால் மாற்றித்தருவார்கள், சின்னக் கட்டணம் உண்டு, எப்போது வேண்டுமானாலும் மாறியிருக்கலாம் என்றார் அவர். இப்போது மாறினால் மாதம் குறையாது, கடைசித் தவணை மட்டும் சின்னதாகும். மனுப் படிவத்தை வாங்கி அங்கேயே நிரப்பினேன். என் மனைவி காசோலையில் தொகையை எழுதினாள். கையெழுத்து அவள் டியூ புத்தகத்தில் போடும் அதே கையெழுத்துதான்.

"ராஜினாமாவைக் கொடுத்துரு. நான் ஏதாவது பார்த்துக்கறேன்," என்றேன், வெளியே வந்ததும்.

"என்னத்தைப் பார்ப்பீங்க?"

அதற்குள் டவுன் பஸ் வந்துவிட்டது. பெண்கள் பக்கம் ஒரு இருக்கை காலியாக இருந்ததால் அவள் முன்பக்கம் ஏறினாள். நான் பின்னால் நின்றேன். ஜங்ஷன் நிறுத்தம்வரை அவளுடைய பின்னந்தலைதான் தெரிந்தது. ஒரு முறைகூடத் திரும்பவில்லை.

வீட்டில் மச்சானின் போன். பத்திரம் வாங்கியாச்சா என்று கேட்பதற்காக.

"பெயிண்ட் டப்பா வாங்கியாரட்டுங்களா மாப்ள, நெத்தியில அடிக்க?"

நான் போனை அவளிடம் கொடுத்தேன். அவள், "இன்னும் கொஞ்ச நாளாகும்ணா. சாப்புட்டீங்களா?" என்று கேட்டாள். நாலு லட்சத்தைப் பற்றி அவரிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அன்றும் சொல்லவில்லை, பிறகும் சொல்லவில்லை.

சாப்பிட்டு முடித்துக் காலில் இறுக்கமான நீள உறையை ஏற்றிக்கொண்டாள். அது ஏறுவதற்குப் பத்து நிமிடம் ஆகும். புண் இருக்கும் இடத்தில் நிறுத்தி, மூச்சை விட்டு, மறுபடி இழுப்பாள். பிறகு டியூ புத்தகத்தை எடுத்துச் சாப்பாட்டு மேசையில் விரித்தாள். காலியாக இருந்தவை இருபத்து நாலு கட்டங்கள். கடைசிக் கட்டத்துக்குக் கீழே இடம் இல்லை. பின்னட்டையின் உட்பக்கத்தில் ஸ்கேல் வைத்து ஐந்து கட்டம் போட்டு, 181 முதல் 185 வரை எண் எழுதினாள்.

ஒன்று பத்துக்கு மருத்துவமனைக்குப் பஸ். அவள் அதில் போனாள்.